ரஹூம் என்ற சொல்லின் நீளம்

பர்ஹூனைப் பற்றி எங்கள் ஃபுஸ்தாத் ஊரில் யாரைக் கேட்டாலும் அவனுடைய மூச்சைப் பற்றித்தான் முதலில் சொல்வார்கள். கண்ணாடி உலைத் தெருவில் நாற்பது வருடம் குழல் ஊதியவன். மற்றவர்கள் மூன்று மூச்சில் ஊதும் குடுவையை அவன் ஒரே மூச்சில் ஊதி முடித்து, குழலைக் கீழே வைத்துவிட்டு, "தண்ணி எங்க?" என்று கேட்பான். குரல் மட்டும் சொல்லிக்கொள்கிற மாதிரி கிடையாது. உடைந்த சட்டியில் கரண்டி உரசினால் வருமே, அப்படி ஒரு குரல். அந்தக் குரலை வைத்துக்கொண்டு பதினோரு வருடம் எங்கள் ஜெபக்கூடத்தில் ஓய்வுநாள் முடிகிற அந்திஜெபத்தை அவன்தான் நடத்தினான். அந்தப் பதினோரு வருடமும் சனிக்கிழமை தோறும் நான் ஆறிப்போன மொச்சையைத்தான் தின்றேன். அந்த வயிற்றெரிச்சலோடுதான் இதைச் சொல்லத் தொடங்குகிறேன். முடிக்கும்போது எப்படி இருப்பேனோ தெரியாது.

நான் கல்லூஃப். நீலச்சாயம் தோய்ப்பவன். கூடத்தில் இரண்டாம் வரிசை, தூணுக்குப் பின்னால் என் இடம்.

எங்கள் யூத ஜனத்தில் பாலகனுக்கும் தெரிந்த விஷயம் ஒன்று உண்டு. நரகத்தில் ஓய்வுநாளன்று நெருப்பு எரியாது. வெள்ளிக்கிழமை பொழுது சாயும்போது அங்குள்ள காவல்தூதன் கதவுகளைத் திறந்து, எரிந்துகொண்டிருக்கிறவர்களை எல்லாம் வெளியே விட்டுவிடுவான். அவர்கள் பனிமலை ஒன்றின் மேல் போய் நின்று ஒருநாள் முழுக்க இளைப்பாறுவார்கள். சனிக்கிழமை இருட்டியதும் அவர்களைத் திரும்பக் கூப்பிட வேண்டியது அவன் வேலை. ஆனால் பூமியில் கடைசி ஜெபக்கூடத்தில் கடைசி ஆள் அந்திஜெபத்தை முடிக்கும்வரை அவனால் வாய் திறக்க முடியாது. அதனால்தான் அந்த ஜெபத்தின் முதல் வரியை எல்லா ஊரிலும் கொஞ்சம் இழுத்துப் பாடுவார்கள். கடவுள் இரக்கமுள்ளவர் என்பதுதான் வரி. எங்கள் பாஷையில் அது 'ரஹூம்' என்று முடியும். அந்த 'ஹூ'வைப் பிடித்துக்கொண்டு ஒரு சுற்று சுற்றிவிட்டு இறங்குவார்கள். செத்துப்போன அப்பன் பாட்டனுக்கு நம்மால் ஆன உபகாரம்.

கொஞ்சம் இழுப்பது வேறு. பர்ஹூன் இழுத்தது வேறு. அவன் 'ஹூ' என்று தொடங்கும்போது கூடத்தை விட்டுப் புறப்பட்டால் 'ம்' என்று முடிப்பதற்குள் நைல் கரைக்குப் போய்க் கால் நனைத்துவிட்டு வந்துவிடலாம். நடுவில் எங்கே மூச்சு எடுக்கிறான் என்று கண்டுபிடிக்க நாங்கள் பந்தயமே வைத்தோம். ஒருவனும் ஜெயிக்கவில்லை. எதிர்த்தெருக் கூடத்துக்காரர்கள் ஜெபத்தை முடித்து, விளக்கேற்றி, சாப்பிட்டு, கை கழுவிவிட்டு எங்கள் வாசல் வழியாக நடந்துபோய்க்கொண்டே, "என்னப்பா, உங்க ஓய்வுநாள் இன்னும் முடியலையா?" என்று கேட்பார்கள். வாசனைச்சரக்கு விற்கும் அபுல் கைருக்கு உடம்பும் பெரிது, பசியும் பெரிது. அவர் உள்ளே இருந்தபடியே, "உங்க வீட்டுச் செத்தவங்களும் எங்க பசியிலதான்யா இளைப்பாறுறாங்க, போங்க" என்று பதில் கொடுப்பார்.

இத்தனை நீளம் யாருக்காக என்று எங்களுக்குத் தெரியும். யெபெத்துக்காக. பர்ஹூன் இந்த உலகத்தில் மனதார வெறுத்த ஒரே மனிதன் யெபெத்.

உலை என்பது வாரத்துக்கு ஒருநாள் அணைத்து ஒருநாள் மூட்டுகிற சமாசாரம் இல்லை. அணைத்தால் கண்ணாடிக் குழம்பு கல்லாகிவிடும். அதனால் பர்ஹூன் அபூ தாஹிர் என்ற முஸ்லிம் கூட்டாளியோடு உலை வைத்திருந்தான். வெள்ளிக்கிழமை அவர் பள்ளிவாசலுக்குப் போவார், பர்ஹூன் உலையைப் பார்த்துக்கொள்வான். சனிக்கிழமை இவன் ஜெபக்கூடத்துக்கு வருவான், அவர் பார்த்துக்கொள்வார். தெருவில் பாதி உலைகள் இப்படித்தான் நடந்தன. இதில் என் பங்கும் ஒன்று உண்டு. அனல் அடிக்காமல் முகத்தில் கட்டிக்கொள்ள பர்ஹூனுக்கு ஒரு துணி சாயம் தோய்த்துக் கொடுத்திருந்தேன். அந்த நீலம் எனக்கு அதற்குமுன் வந்ததில்லை, அதற்குப்பின்னும் வரவில்லை. தெருமுனையில் நின்று பார்த்தாலே அது பர்ஹூன் துணி என்று தெரியும்.

ஒரு ஓய்வுநாளன்று அபூ தாஹிர் தன் துணியைக் காணாமல் ஆணியில் தொங்கிய இந்தத் துணியை எடுத்துக் கட்டிக்கொண்டு குழல் ஊதினார். நோயாளி ஒருவரைப் பார்க்க அந்த வழியே போன யெபெத் கண்ணில் அந்த நீலம் பட்டது. கிட்டே போய்ப் பார்த்தானா என்றால் இல்லை. பக்திமான். ஓய்வுநாளில் எரிகிற நெருப்பின் பக்கம் கண்ணைத் திருப்புவதே பாவம் என்று நினைக்கிறவன். அடுத்த வாரம் நாங்கள் எல்லாரும் எழுந்து நிற்க, வேதச்சுருளைப் பேழையிலிருந்து எடுக்கப் போகும் நேரத்தில், யெபெத் முன்னால் வந்து கையை விரித்துத் தடுத்தான். முறையீடு இருக்கிறவன் எவனும் அப்படித் தடுக்கலாம். கேட்டு முடிக்காமல் சுருளை எடுக்க முடியாது.

"ஓய்வுநாள்ல உலையில நின்னு ஊதுறவன் ஒருத்தன் நம்ம நடுவுல நிக்கிறான். பேர் சொல்லணுமா? பர்ஹூன். நான் என் ரெண்டு கண்ணால பார்த்தேன்."

பர்ஹூன் முகத்தில் இருந்த ரத்தம் எல்லாம் இறங்கிப்போனதை நான் பார்த்தேன். "அது நான் இல்ல" என்று ஒருமுறைதான் சொன்னான். இத்தனை மூச்சு உள்ளவனுக்கு அன்றைக்குக் குரல் எழும்பவில்லை. மாடியில் பெண்கள் பக்கம் அவன் மனைவி துர்ஃபா இருந்தாள். அவள் படியிறங்கி வரும்போது மற்றப் பெண்கள் தங்கள் ஆடையைக் கூட்டிப் பிடித்துக்கொண்டு ஒதுங்கினார்கள். அதில் என் மனைவியும் ஒருத்தி. துர்ஃபா அதற்குப் பிறகு அந்தப் படியேறவே இல்லை.

மறுநாளே அபூ தாஹிர் எங்கள் குருவான ரபியின் வீட்டுக்குப் போய்த் துணியை மேசைமேல் வைத்து நடந்ததைச் சொன்னார். ரபி அடுத்த வாரம், "அந்த விஷயம் முடிந்தது" என்று மட்டும் அறிவித்தார். என்ன முடிந்தது என்று ஊர் தன் இஷ்டத்துக்கு அர்த்தம் பண்ணிக்கொண்டது. யெபெத்துக்கும் உண்மை தெரிந்துவிட்டது. தட்டு நிறைய எள்ளுருண்டையோடு பர்ஹூன் வீட்டு வாசலில் போய் நின்றான்.

"தப்பு நடந்துபோச்சு பர்ஹூன். மன்னிச்சுடு."

"எங்க சொன்னியோ அங்க வந்து சொல்லு" என்று பர்ஹூன் கதவைச் சாத்திக்கொண்டான்.

வருகிற ஓய்வுநாள் சொல்கிறேன் என்றான் யெபெத். அதற்கடுத்த ஓய்வுநாள் என்றான். சுருளைத் தடுக்கத் தூக்கிய கை, தப்பை ஒப்புக்கொள்ளத் தூக்க முடியாமல் கனத்தது. இரண்டாவது குளிர்காலத்தில் துர்ஃபா செத்துப்போனாள். என்ன நோய் என்று வைத்தியனுக்கே சொல்லத் தெரியவில்லை. அந்தக் கோடையில் யெபெத் காய்ச்சலில் மூன்றே நாளில் போய்விட்டான். சொல்லவேண்டியதைச் சொல்லாமலே போனான்.

அப்புறம்தான் ஒரு புத்தகம் எங்கள் கூடத்துக்கு வந்தது. பாக்தாதிலிருந்து வந்த ஒரு போதகர் ஓய்வுநாள் மதியம் அதை வாசித்தார். பெரியவர் ஒருவரைத் தூதன் கைப்பிடித்து நரகத்தின் ஏழு வீடுகளையும் காட்டிய கதை. பாதி நெருப்பு, பாதி பனி. நெருப்பிலிருந்து தப்பிப் பனிக்குள் விழுகிறவன் நெருப்புக்கே ஏங்குவானாம். கோள் சொன்னவர்கள் நாவில் கயிறு கட்டித் தொங்குகிறார்கள். பொய்ச்சத்தியம் செய்தவர்கள் தங்கள் வார்த்தையைக் கரியாக மென்றுகொண்டிருக்கிறார்கள். சாதாரணப் பாவிகளுக்குப் பன்னிரண்டு மாதம், அதோடு தண்டனை தீரும். ஊர் நடுவே அவமானப்படுத்தி ஒருவன் முகத்தை வெளுக்கச் செய்தவனுக்கோ மாதக்கணக்கே கிடையாது. வெளுத்த முகத்துக்காரன் பத்துப்பேர் முன்னால் வாய்விட்டு மன்னித்தாலொழிய அவனுக்கு மீட்சி இல்லை. என் அப்பாவின் நாக்கு எப்படிப்பட்டது என்று எனக்குத் தெரியும்.

மாடியில் ஏதோ விழுந்த சத்தம். யெபெத்தின் ஒரே மகள் முபாரகா மயங்கிக் கிடந்தாள்.

மறுநாள் அவள் உலைக்கு வந்தாள். நானும் அங்கே இருந்தேன். பர்ஹூன் குழலை வைத்துவிட்டுத் துணியை அவிழ்த்தான்.

"மாமா, எங்கப்பாவ மன்னிச்சுடுங்க. கல்லறையில வந்து ஒரு வார்த்தை சொல்லுங்க. நான் வேற எதுவும் கேக்கல."

பர்ஹூன் உலைவாயைப் பார்த்தான். உள்ளே குழம்பு வெள்ளையாகக் கொதித்துக்கொண்டிருந்தது. ஐந்து அடி தள்ளி நின்ற எனக்கே புருவமயிர் கருகுகிற மாதிரி இருந்தது.

"இந்த நெருப்பு நரகத்து நெருப்புல அறுபதுல ஒரு பங்குன்னு சொல்றாங்க" என்றான் அவன். "முப்பது வருஷமா இது முன்னாடி நிக்கிறேன். என் எதிரிக்குக்கூட இது வேணாம்னுதான் தோணுது. வர்றேன் போம்மா."

பத்துப்பேர் கல்லறைக்குப் போனோம். யெபெத்தின் கல்லுக்கு முன்னால் பர்ஹூன் நின்றான். வாயைத் திறந்தான். மூடினான். மறுபடி திறந்தான். வெயில் ஏறிக்கொண்டே போனது. அபுல் கைர் தலையில் துணியைப் போட்டுக்கொண்டு உட்கார்ந்துவிட்டார். கடைசியில் பர்ஹூன் எங்களைத் திரும்பிப் பார்க்காமலே நடக்கத் தொடங்கினான். நான் ஓடிப்போய்ப் பிடித்தேன்.

"என்ன பர்ஹூன், ஒரு வார்த்தைதானே?"

"சொல்ல வரல கல்லூஃப். எனக்குப் பண்ணினத அப்பவே விட்டுட்டேன். ஆனா வாயைத் திறந்தா அவ படியிறங்கி வர்றதுதான் கண்ணுல நிக்குது. பொய்யா மன்னிச்சா அங்க செல்லுமா, சொல்லு."

செல்லாதுதான்.

அந்த வாரமே அவன் ரபியிடம் போய், சனிக்கிழமை அந்திஜெபத்தைத் தனக்குத் தரும்படி கேட்டான். குரலை நினைத்து ரபி தயங்கினார். கேட்டவன் கண்ணைப் பார்த்துவிட்டுக் கொடுத்துவிட்டார். முதல் சனிக்கிழமை 'ரஹூம்' என்று தொடங்கினான். நாங்கள் இறங்குவான் என்று பார்த்தோம், அவன் இறங்கவில்லை. ஜன்னலில் மூன்று நட்சத்திரம் வந்தது, முப்பது வந்தது. தூணுக்குப் பின்னால் நின்ற எனக்குத் திடீரென்று புரிந்தது. மன்னிக்க இவனுக்கு வாய் வரவில்லை. மூச்சு இருக்கிறது. அதைக் கொடுக்கிறான்.

எங்கோ ஒரு பனிமலை. அதன்மேல் காலம் காலமாகச் செத்துப்போனவர்கள் எல்லாரும் மூச்சடக்கி நிற்கிறார்கள். கீழே கதவருகில் காவல்தூதன் வாயைத் திறக்க முடியாமல் காத்துக்கொண்டிருக்கிறான். ஒரு கண்ணாடிக்காரனின் கரகரத்த குரல் அத்தனைபேரையும் நெருப்புக்கு இப்பால் பிடித்துவைத்திருக்கிறது. யெபெத் ஒருவனுக்காகத்தான் இவன் இழுக்கிறான். ஆனால் அந்தக் கூட்டத்தில் என் அப்பாவும் நிற்கிறாரே. ஒருவன் இன்னொருவனை மன்னிக்க முடியாமல் போனதால் எத்தனை ஆயிரம்பேருக்கு ஒரு மிடறு குளிர்ச்சி கிடைத்தது என்று நினைத்தால் இன்றைக்கும் என் மயிர் கூச்செறிகிறது. அடுத்த நிமிஷம் பசி வந்துவிடும், அவனைத் திட்டத் தொடங்கிவிடுவேன். அது வேறு விஷயம்.

முபாரகா ஒவ்வொரு வருடமும் தகப்பன் செத்த நாளன்று அவன் வாசலுக்கு வருவாள். ஒவ்வொரு வருடமும் அவன் தலையை ஆட்டிவிடுவான். ஒருமுறை அவளுக்குப் பொறுக்கவில்லை.

"வாரம் ஒருதரம் எங்கப்பா வாயில தண்ணி ஊத்துறீங்க. நாக்குக் கயித்த மட்டும் அவுக்க மாட்டேங்கறீங்க. இது என்ன தர்மம் மாமா?"

"என்கிட்ட இருக்கறது அவ்வளவுதாம்மா" என்றான் பர்ஹூன்.

அவள் கோபித்துக்கொண்டு போனாள். ஆனால் சனிக்கிழமை தவறாமல் மாடியில் இருப்பாள். அந்தச் சொல் முடியும்வரை கைப்பிடிக் கம்பியை விடமாட்டாள்.

பதினோராவது வருடம் மழைக்காலத்திலேயே அவனுக்கு இருமல் பிடித்துவிட்டது. உலைப்புகை நாற்பது வருடம் சேர்த்துவைத்த இருமல். குழலைத் தொடக்கூடாது என்று வைத்தியர் சொல்லிவிட்டார். தெருவில் நாலு அடி நடந்தால் சுவரைப் பிடித்துக்கொண்டு நிற்பான். சனிக்கிழமையை மட்டும் விடவில்லை. வாரத்துக்கு வாரம் சொல் குட்டையாகிக்கொண்டே வந்தது. எங்களுக்குச் சாப்பாடு சூடாகக் கிடைக்கத் தொடங்கியது. ஒருவரும் அதைப் பற்றி வாய் திறக்கவில்லை.

அந்தக் கடைசிச் சனிக்கிழமை நன்றாகக் குளிர் அடித்தது. பர்ஹூன் மேடைக் கம்பியைப் பிடித்துக்கொண்டு தொடங்கினான். 'ஹூ' பாதியில் உடைந்து இருமலாயிற்று. வாயைத் துடைத்துக்கொண்டு மறுபடி தொடங்கினான், மறுபடி உடைந்தது. மூன்றாம் தரம் வெறும் காற்றுதான் வந்தது. நாங்கள் அசையாமல் நின்றோம். 'ம்' என்று அவன் முடித்துவிட்டால் நாங்கள் பதில் சொல்ல வேண்டும். பதில் சொல்லிவிட்டால் அங்கே கதவு மூடிவிடும்.

அபுல் கைர் தொண்டையைக் கனைத்துக்கொண்டார். "மெதுவா, பர்ஹூன். எங்களுக்கு ஒண்ணும் அவசரமில்ல" என்றார். பதினோரு வருடத்தில் அவர் வாயிலிருந்து அப்படி ஒரு வார்த்தை வந்ததில்லை.

பர்ஹூன் எங்கள் பக்கம் திரும்பினான். மாடியைப் பார்த்தான். பெண்கள் இறங்கும் படியை வெகுநேரம் பார்த்தான். பிறகு ஜெபக்குரலில் இல்லாமல், தெருவில் பேசுகிற குரலில் கேட்டான்.

"பத்துப்பேர் இருக்கீங்களா?"

"நூறுபேர் இருக்கோம்" என்றேன் நான்.

"மூச்சு தீந்துபோச்சு. இனிமே அவனுக்குக் குடுக்க என்கிட்ட வேற ஒண்ணுமில்ல." நின்று காற்றை இழுத்துக்கொண்டான். "யெபெத்த மன்னிச்சுட்டேன். மன்னிச்சுட்டேன். மன்னிச்சுட்டேன்."

மூன்று முறை சொல்வதுதான் வழக்கம். கேட்டவர்களும் மூன்று முறை திருப்பிச் சொல்ல வேண்டும். சொன்னோம். அவன் 'ம்' என்று முடித்தான். ஜெபம் மளமளவென்று ஓடி முடிந்தது.

முபாரகா படியிறங்கி வந்தாள். பர்ஹூன் கீழ்ப்படியில் உட்கார்ந்து மூச்சுவாங்கிக்கொண்டிருந்தான். அவள் அவன் கையை எடுத்துக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள்.

"அத்தைகிட்டயும் அப்பா கேக்கணுமே மாமா" என்றாள்.

"கேக்கட்டும். அது அவங்க ரெண்டு பேரும் அங்க பேசிக்க வேண்டியது." படியைத் தடவிக்கொண்டே சொன்னான்: "அவ என்னவிட நல்லவ."

அன்றைக்கு எதிர்த்தெருக்காரர்களுக்கு முன்பாகவே வீடு போய்ச் சேர்ந்தேன். மொச்சை கொதித்துக்கொண்டிருந்தது. தட்டை வைத்த என் மனைவியிடம் நடந்ததைச் சொன்னேன். பன்னிரண்டு வருடத்துக்கு முன்னால் படியில் ஆடையைக் கூட்டிப் பிடித்தவள் அவள். முற்றத்துக்குப் போய்த் தனியாக நின்றுகொண்டாள். இரண்டு பேரும் சாப்பிடவில்லை.

அடுத்த சனிக்கிழமை புதிதாக ஒருவர் ஜெபம் நடத்தினார். நல்ல குரல். 'ரஹூம்' என்று அழகாக ஒரு சுற்றுச் சுற்றி இறங்கிவிட்டு எங்கள் பதிலுக்காக நின்றார். பர்ஹூன் என் பக்கத்தில் தூணில் சாய்ந்து உட்கார்ந்திருந்தான். யெபெத்தின் காரியம் முடிந்துவிட்டது. முபாரகா வரவேண்டிய அவசியமே இல்லை. ஆனாலும் மாடியில் அதே கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றாள். நாங்கள் ஒருவரும் பதில் சொல்லவில்லை. யாரும் பேசிவைத்துக்கொள்ளவில்லை. புதியவர் தான் ஏதோ தப்புச் செய்துவிட்டதாக நினைத்து ரபியைப் பார்த்தார். ரபி கண்ணை மூடியிருந்தார். ஜன்னலில் நட்சத்திரங்கள் நிறைந்துகொண்டிருந்தன. வெளியே எதிர்த்தெருக்காரர்கள் பேசிக்கொண்டே கடந்து போனார்கள். நான் என் அப்பாவை நினைத்துக்கொண்டேன். ஆளுக்கு ஒருவரை நினைத்துக்கொண்டிருந்திருப்பார்கள். ஒருவன் நைல் கரைக்குப் போய்க் கால் நனைத்துவிட்டுத் திரும்பி வருகிற நேரம் ஆன பிறகு, பர்ஹூன்தான் முதலில் பதில் சொன்னான்.